சமமான மாதத் தவணை

வீட்டுக்கடனின் உண்மையான விலை என்ன என்ற கேள்விக்கு வங்கியில் ஒரு பதில் தயாராக இருக்கிறது. அது ஒரு தாள். இருநூற்று நாற்பது வரிகள். ஒவ்வொரு வரியிலும் தேதி, தவணை, அதில் வட்டி எவ்வளவு, முதல் எவ்வளவு, மிச்சம் எவ்வளவு. கடைசி வரியின் கடைசிக் கட்டத்தில் பூஜ்யம். நெய்வேலி நகரியத்தில் ஒரு கிளையில் உட்கார்ந்துகொண்டு இந்தத் தாளைப் பல வருஷங்களாக அச்சடித்துக் கொடுத்துவருகிறேன். வாங்குகிறவர்கள் முதல் வரியைப் பார்ப்பார்கள், கடைசி வரியைப் பார்ப்பார்கள், மடித்துச் சட்டைப்பையில் வைத்துக்கொள்வார்கள். நடுவிலுள்ள 238 வரிகளை யாரும் படித்து நான் பார்த்ததில்லை. நம்முடைய புதுக்கவிதைத் தொகுப்புகளும் பெரும்பாலும் இப்படித்தான் படிக்கப்படுகின்றன என்பதால் எனக்கு இதில் வியப்பில்லை.

ஒரு உதாரணத்தை வைத்துக்கொள்வோம். கடன் 30 லட்சம், வட்டி 9 சதவீதம், காலம் 20 வருஷம். மாதத் தவணை 26,992 ரூபாய். மொத்தம் கட்டுவது 64 லட்சத்து 78 ஆயிரம். முதல் மாதத் தவணையில் வட்டிக்குப் போவது 22,500. முதலில் கழிவது 4,492. ஐந்து வருஷம் முடிகிறபோது கட்டியிருப்பது 16 லட்சத்துக்கு மேல்; கடன் குறைந்திருப்பது 3 லட்சத்து 39 ஆயிரம். தவணைக்குள் முதலின் பங்கு வட்டியின் பங்கைத் தாண்டுவது பதின்மூன்றாம் வருஷத்தின் ஐந்தாம் மாதத்தில். முதலில் பாதி தீர்வதற்குப் பதினான்கு வருஷம் ஆகும்.

இதைச் சொன்னால் கேட்கிறவர்கள் இரண்டு வகையாகப் பதறுகிறார்கள். 'வட்டியை முதலிலேயே உருவிக்கொள்கிறார்கள்' என்பது ஒன்று. இது தப்பு. எவ்வளவு பாக்கியோ அவ்வளவுக்குத்தான் அந்த மாத வட்டி. முதல் மாதம் முழு முப்பது லட்சமும் பாக்கி, எனவே வட்டி அதிகம். இதில் சூது ஒன்றும் இல்லை; பள்ளிக்கூடத்துக் கணக்குதான். 'வாங்கியதைப் போல இரண்டு மடங்குக்கு மேல் கட்டுகிறோம்' என்பது இரண்டாவது. இதற்கு வங்கிக்காரனின் பதில் இன்னும் வலுவானது. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறுகிறது என்று கொண்டால் 240ஆவது தவணையாகக் கட்டும் 26,992 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு 10,173 ரூபாய்தான். இருபது வெவ்வேறு வருஷத்து ரூபாய்களை ஒன்றாகக் கூட்டி 64 லட்சம் என்று சொல்வது பலாப்பழத்தையும் முந்திரிக்கொட்டையையும் ஒன்றாக எண்ணி விலை சொல்வதைப் போன்றது. பண்ருட்டிச் சந்தையில்கூட அப்படிச் செய்யமாட்டார்கள்.

ஆக, பதறுகிறவரின் எண்ணும் பொய், பதற வேண்டாம் என்கிற எண்ணும் முழு உண்மையில்லை. இரண்டு பேருமே விலை என்பது ரூபாயில் இருக்கிறது என்று நம்புகிறார்கள். எனக்கு அந்த நம்பிக்கை போய்விட்டது. போன விதத்தைச் சொல்லத்தான் இதை எழுதுகிறேன்.

கடனைப் பற்றி நமக்கு இலக்கியத்தில் அகப்படுவது பெரும்பாலும் நெஞ்சின் கலக்கம். கடன்பட்டவன் நெஞ்சைப் பற்றிய அந்தப் பிரபலமான வரியைக் கம்பன் தலையில் கட்டி மேடைதோறும் முழங்கியாகிவிட்டது. கம்பராமாயணத்தைப் புரட்டினால் அந்த வரி அங்கே கிடையாது. கடனின் இயக்கத்தை, அதன் உள்ளமைப்பை, நம் எழுத்து தொட்டதாகச் சொல்ல முடியாது. அந்நியமாதல் பற்றி ஜெர்மனியிலிருந்து ஆங்கிலம் வழியாக வந்த சொற்களைக்கொண்டு பக்கம் பக்கமாக எழுதுகிற நண்பர்கள், ஒன்றாம் தேதி தங்கள் கணக்கில் நடக்கும் காரியத்தைப் பற்றி ஒரு வாக்கியம் எழுதியதில்லை. (எலியட் 1917லிருந்து எட்டு வருஷம் லண்டனில் லாயிட்ஸ் வங்கியில் வேலை பார்த்தார் என்பதை மட்டும் எல்லோரும் எனக்கு ஞாபகப்படுத்துகிறார்கள்.)

நம் ஊர்ப் பழைய ஏற்பாடு ஒத்தி. பணம் கொடுத்தவன் வீட்டில் குடியேறுவான். பணத்துக்கு வட்டி இல்லை, வீட்டுக்கு வாடகை இல்லை. முதலைத் திருப்பித் தரும்வரை உன் திண்ணையில் அவன் உட்கார்ந்திருப்பான். இப்போதும் போக்கியம், லீஸ் என்ற பெயரில் இது நடக்கிறது. இங்கிலாந்திலும் பன்னிரண்டாம் நூற்றாண்டில் இரண்டு வகை ஈடு இருந்தது. நிலத்தின் விளைச்சல் கடனில் கழிந்தால் அது உயிருள்ள ஈடு. விளைச்சலைக் கடன் கொடுத்தவன் தின்றுகொண்டிருக்க, கடன் அப்படியே நின்றால் அது செத்த ஈடு. 'மார்ட்கேஜ்' என்ற சொல்லுக்கு நேர்ப்பொருள் இந்தச் செத்த ஈடுதான். ஒத்தி கொடூரமானதுதான். ஆனால் அதில் வட்டி கண்ணுக்குத் தெரியும். அது வேட்டி கட்டிக்கொண்டு உன் கிணற்றில் தண்ணீர் இறைக்கும். இன்றைய ஏற்பாட்டில் நீயே உள்ளே குடியிருக்கிறாய். கிரகப்பிரவேசம் உன் பெயரில் நடக்கிறது. வாசலில் உன் பெயர்ப்பலகை. தாய்ப்பத்திரம் மட்டும் வங்கியின் இரும்புப் பெட்டியில்.

வட்டி கண்ணிலிருந்து மறைந்தது எதனால்? 'சமமான' என்ற அந்த ஒரு சொல்லால் என்று நினைக்கிறேன். சமமான மாதத் தவணை. முதல் மாதமும் 26,992, கடைசி மாதமும் 26,992. உள்ளே ஒரு மாதத்துக்கும் அடுத்த மாதத்துக்கும் சமம் கிடையாது; வெளியே எல்லாம் ஒன்றுபோல் இருக்கின்றன. சம்பளக்காரனுக்கு அது ஆறுதல். மளிகைக்கு இவ்வளவு, பள்ளிக்கூடத்துக்கு இவ்வளவு, வீட்டுக்கு இவ்வளவு. ஆறுதலை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் தொகையைச் சமமாக வைத்திருக்க வேண்டும் என்றால் வேறு ஏதோ ஒன்று வளைந்து கொடுத்தாக வேண்டும். அது எது என்று எனக்கு 2023வரை விளங்கவில்லை.

அந்த வருஷம் ஒரு ஆசிரியை வந்தார். 2020 நடுவில் வாங்கிய கடன். ரிசர்வ் வங்கி அந்த மே மாதம் ரெப்போ வட்டியை 4 சதவீதத்துக்குக் கொண்டுவந்திருந்தது. வீட்டுக்கடன் 7 சதவீதத்துக்குக் கிடைத்தது. 2019 அக்டோபரிலிருந்து வங்கிகளின் புதிய வீட்டுக்கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோல் ஒன்றோடு கட்டப்பட்டவை. அது அசைந்தால் இதுவும் அசையும். 2022 மேயில் ரெப்போ ஏறத் தொடங்கி 2023 பிப்ரவரியில் 6.5க்கு வந்து நின்றது. ஆசிரியையின் தவணை மாறவில்லை. அதனால் அவர் ஒன்றையும் கவனிக்கவில்லை. கணக்குப் புத்தகத்தைச் சரிபார்க்க வந்தவர், கடைசித் தவணைத் தேதியைப் பார்த்துவிட்டு, "சார், இது பிரிண்ட் மிஸ்டேக்கா?" என்றார்.

பிழை இல்லை. 30 லட்சத்துக்கு 7 சதவீதத்தில் 20 வருஷத் தவணை 23,259 ரூபாய். இரண்டரை வருஷம் கட்டிய பிறகு பாக்கி 28 லட்சத்துச் சொச்சம். வட்டி ஒரே தாவலில் 9.5 ஆகிவிட்டது என்று கொள்ளுங்கள். அந்த 23,259இல் 22,260 வட்டிக்கே போய்விடும். தவணையை மாற்றாமல் கட்டிக்கொண்டே போனால் மிச்சக் கடன் தீர 399 மாதம். பதினேழரை வருஷமாக இருந்தது முப்பத்துமூன்று வருஷம் ஆகிறது. இவ்வளவு தூரம் நீள எந்த வங்கியும் விடாது, ஓய்வு வயதில் எங்கோ ஒரு தடுப்பு உண்டு. ஆனால் வளைவது எது என்று இந்தக் கணக்கு காட்டிவிடுகிறது. தொகை சமமாக நிற்பதற்காகக் காலம் வளைகிறது. ஆசிரியையின் ஐம்பத்தெட்டாம் வயதும் அறுபதாம் வயதும், அவர் கையெழுத்துப் போடாமலே, கணினியில் ஏதோ ஒரு இரவில் எழுதி வாங்கப்பட்டிருந்தன. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கியே தலையிட்டு, வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா காலத்தை நீட்டுவதா என்பதைக் கடன்காரரிடம் கேட்க வேண்டும் என்று உத்தரவிட்டது. அதற்கு முன்னால் கேட்க வேண்டும் என்று எங்களில் யாருக்கும் தோன்றவில்லை. எனக்கும் தோன்றவில்லை.

தோரோ வால்டன் குளக்கரையில் கட்டிய வீட்டுக்குக் கணக்கு எழுதிவைத்திருக்கிறார்: 28 டாலர் 12½ சென்ட். ஒரு பொருளின் விலையை அதற்காகக் கொடுக்கப்படும் ஆயுளைக்கொண்டு அளக்க வேண்டும் என்பது அவர் கட்சி. கான்கார்டு விவசாயிகளில் கடனில்லாமல் பண்ணை வைத்திருப்பவர்கள் யார் யார் என்று அவர் விசாரித்தபோது ஊர்க் கணக்கர்களால் ஒரு டஜன் பெயரைச் சட்டென்று சொல்ல முடியவில்லையாம். கல்லூரியில் இதைப் படித்தபோது நான் சொக்கிப்போனேன். பிற்பாடுதான் ஒரு சங்கதி உறைத்தது. வீடு கட்டிய நிலம் எமர்சனுடையது. நிலம் இன்னொருவருடையதாக இருந்தால் வீடு மலிவுதான்.

நெய்வேலி நகரியம் அப்படிப்பட்ட ஒரு வால்டன். வரிசை வரிசையாகக் குடியிருப்புகள், வேப்பமரம், முருங்கை, தண்ணீர், மின்சாரம், வட்டத்துக்கு வட்டம் பூங்கா. முப்பது வருஷம் இங்கே வாழ்ந்தவருக்கு வீடு என்பது விலை உள்ள பொருள் என்பதே மறந்துவிடும். நிலத்தின் கதை வேறு. 1956இல் நிறுவனம் பிறந்தது. 1957 மே மாதம் சுரங்கம் தோண்டும் வேலை தொடங்கியது. கரி கண்ணில் பட்டது 1961 ஆகஸ்டில். கிராமங்கள் எழுந்து போயின. அந்தக் கணக்கு இன்னும் தீரவில்லை: 2023 ஜூலையில் வளையமாதேவியில் நின்ற நெற்பயிரின்மீது வாய்க்கால் வெட்டும் இயந்திரங்கள் இறங்கியதை எல்லோரும் பார்த்தோம். எங்கள் குடியிருப்பின் மலிவில் யாருடைய ஆயுள் கழிந்திருக்கிறது என்று காட்டுகிற தாள் எந்தக் கிளையிலும் அச்சாவதில்லை.

ஓய்வு பெறுகிற நாளோடு குடியிருப்பு முடிந்துவிடும். ஆகவே நாற்பத்தைந்து வயதுக்கு மேல் எல்லோரும் மனை தேடுகிறார்கள்: வடக்குத்து, இந்திரா நகர், மந்தாரக்குப்பம், வடலூர். 2011இல் நான் வேலைக்குச் சேர்ந்த புதிது. சுரங்கத்தில் மண்வெட்டும் ராட்சத இயந்திரத்தை ஓட்டுகிறவர் ஒருவர் வந்தார். ஐம்பது வயது. மனையும் வீடுமாகப் பன்னிரண்டு லட்சம் வேண்டும், பத்து வருஷத்தில் கட்டிவிடுகிறேன் என்றார். அப்போது வட்டி 10.5. தவணை 16,192. அத்துடன் நிறுத்தியிருக்கலாம். நான் தோரோவைப் படித்தவன். பேனாவை எடுத்து மொத்தத்தை எழுதிக் காட்டினேன்: 19 லட்சத்து 43 ஆயிரம்.

"அப்ப வட்டி மட்டும் ஏழரை லட்சமா சார்?"

"கொஞ்சம் குறைவு."

"ஏழரைன்னாலே வேணாம் சார்" என்று சிரித்தார். பிறகு தாளை வாங்கி வரிசையாகப் படித்தார். நடுவிலுள்ள வரிகளைப் படித்த ஒரே மனிதர் அவர்தான். யாரும் படித்ததில்லை என்று மேலே எழுதியது அந்த அளவுக்குத் திருத்தப்பட வேண்டியது. "முதல்ல மேல்மண்ண எடுக்கணும், அப்புறந்தான் கரி. எங்க கணக்கு மாதிரியே இருக்குது" என்றார். அருமையான உவமை என்று அன்றைக்குப் பூரித்துப்போனேன். இன்று அதில் எனக்குச் சந்தேகம் இருக்கிறது. மேல்மண் எடுக்கிறவனுக்குக் கீழே கரி இருப்பது நிச்சயம். அந்த மண் போய்க் குவிவதும் வேறொருவனுடைய வயலில். கடன்காரன் தோண்டுவதும் கொட்டுவதும் தன் மேலேயேதான்.

அவர் கடன் வாங்கவில்லை. ஒரு மனிதரைக் காப்பாற்றிவிட்டதாக நான் வெகுநாள் நினைத்துக்கொண்டிருந்தேன்.

2019இல் நானே வீட்டுக்கடன் எடுத்தேன். இதைச் சொல்லாமல் இந்தக் கட்டுரையை முடித்தால் அது பொய்யாகிவிடும். வங்கி ஊழியனுக்குக் கொடுக்கிற வீட்டுக்கடன் வேறு ஜாதி. தனிவட்டி, முதலில் முதலைக் கழித்துவிட்டுப் பிறகு வட்டியைப் பிடிப்பார்கள். மத்திய அரசு ஊழியருக்கான வீடு கட்டும் முன்பணமும் இதே ஒழுங்குதான். பதினைந்து வருஷம், 180 தவணைகளில் முதல். அதற்கப்புறம் ஐந்து வருஷம், 60 தவணைகளில் வட்டி. நிஜத்தில் எங்களுக்கு வட்டி விகிதமும் குறைவு. அதை விட்டுவிட்டு, மேலே சொன்ன அதே 30 லட்சத்தை அதே 9 சதவீதத்தில் இந்த ஒழுங்கில் போட்டுப் பார்த்தேன். முதல் பதினைந்து வருஷம் மாதம் 16,667. வட்டி மொத்தம் 20 லட்சத்து 36 ஆயிரம். மற்றவர் கட்டும் வட்டிக்கும் இதற்கும் வித்தியாசம் 14 லட்சத்துக்கு மேல். அதே தொகை, அதே விகிதம், அதே இருபது வருஷம். வரிசை மட்டும் வேறு.

எது முன், எது பின் என்பது கணக்கின் விஷயம் என்று எண்ணியிருந்தேன். அது தார்மீகத்தின் விஷயம். வட்டிக்கு ஒரு எல்லை உண்டா என்று நம் சட்டமே ஒருமுறை யோசித்திருக்கிறது. 1938இல் ராஜாஜி மந்திரிசபை கொண்டுவந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தில் ஒரு பிரிவு: விவசாயி, முதலாகவோ வட்டியாகவோ, வாங்கியதைப்போல இரண்டு மடங்கு கட்டியிருந்தால் கடன் தீர்ந்ததாகக் கொள்ளவேண்டும். நம் உதாரணக் கடன்காரர் அந்தச் சட்டத்தின் கீழ் வருகிற விவசாயியாக இருந்தால் 223ஆவது தவணையோடு எழுந்து போகலாம். பதினேழு தவணை மிச்சம். பொருளாதாரம் படித்தவன் இதைக் கேட்டுச் சிரிப்பான், சிரிக்க நியாயமும் இருக்கிறது. இரண்டு வருஷத்தில் கட்டிய இரண்டு மடங்கும் இருபது வருஷத்தில் கட்டிய இரண்டு மடங்கும் ஒன்றல்ல. ஆனால் அந்தப் பிரிவை எழுதியவர்கள் ரூபாயை அளக்கவில்லை. கொடுத்தவனுக்கும் வாங்கியவனுக்கும் இடையில் ஒரு உறவு எந்த இடத்தில் வேறொன்றாகிவிடுகிறது என்று பார்த்தார்கள். அந்த இடத்தை நம் தாளில் குறிக்க ஒரு கட்டம் இல்லை.

என் கடன் சலுகை, சம்பளத்தின் ஒரு பகுதி என்று யூனியனில் சொல்வார்கள். வாஸ்தவம். ஆனாலும் கவுண்டருக்கு இந்தப் பக்கம் உட்கார்ந்துகொண்டு, அந்தப் பக்கம் இருப்பவருக்கு அவருடைய கணக்கை விளக்கும்போது, அதே வேலையை இன்னொரு வரிசையிலும் செய்யலாம் என்பது எனக்குத் தெரிந்திருக்கிறது, அவருக்குத் தெரியாது. நான் சொல்வதும் இல்லை. கேட்டால் சொல்வேன் என்று என்னிடமே சொல்லிக்கொள்கிறேன். தெரியாத ஒன்றை எப்படிக் கேட்பார்?

சென்ற மாதம் அந்த இயந்திர ஓட்டுநர் வந்தார். 2021இல் ஓய்வு. குடியிருப்பைக் காலி செய்து வடக்குத்துப் பக்கம் வாடகைக்கு இருக்கிறார். நான்கு வருஷத்தில் மூன்றாவது வீடாம். அன்று பார்த்த மனை இப்போது மூன்று மடங்கு விலை என்றார். குற்றம் சொல்கிற தொனி துளியும் இல்லை. "நீங்க அன்னைக்குச் சொன்னது கரெக்டு தம்பி, ஏழரை லட்சம் மிச்சம்" என்றார். அது மிச்சமாகவில்லை என்பது எங்கள் இரண்டு பேருக்கும் தெரியும். வாங்கியிருந்தால் 2021இலேயே கடன் தீர்ந்திருக்கும்.

நான் அன்று சொன்னது உண்மைதான். கடனின் விலையை எழுதிக் காட்டினேன். கடன் வாங்காமல் இருப்பதன் விலையை எழுதிக் காட்டவில்லை, அதற்குத் தாள் இல்லாததால். வாடகை, இடமாற்றம், அறுபது வயதுக்கு மேல் வீட்டுக்காரரிடம் தண்ணீர் மோட்டாருக்காகப் பேச்சு வாங்குவது, இவற்றுக்கு 240 வரி போட்டுக் கணினி கொடுப்பதில்லை. அதைவிட, இருபத்துமூன்று வயதில் ஒரு பெரிய எண்ணைச் சொல்லி ஒருவரை அதிரவைப்பதில் எனக்கு ஒரு சந்தோஷம் இருந்தது. விமர்சனக் கட்டுரையில் ஒரு நல்ல புத்தகத்தை ஒரே வாக்கியத்தில் கவிழ்த்துவிட்டால் வருகிற சந்தோஷம். அது உண்மையைச் சொல்வதோடு ஒட்டிக்கொண்டு வருவதால் நாம் அதைத் தனியாகப் பார்ப்பதில்லை.

இப்போது அவர் வந்தது மகனுக்காக. பையனுக்கு ஒரு தனியார் கம்பெனியில் வேலை, வடலூரில் மனை பார்த்திருக்கிறான், இருபத்தைந்து வருஷக் கடன். "நீங்களே பாத்து சொல்லுங்க தம்பி, வாங்கலாமா வேணாமா?"

தாளை அச்சடித்தேன். 300 வரிகள், நான்கு பக்கத்துக்கு மேல் வந்தது. மொத்தத்தை நான் வாய்விட்டுச் சொல்லவில்லை. மறைத்தேனா என்று கேட்டால், அது கடைசிப் பக்கத்தில் அச்சில் இருக்கிறது. வட்டி ஏறினால் தவணை ஏறட்டும், வருஷம் நீள வேண்டாம் என்று எழுதிக் கொடுக்கலாம் என்பதைச் சொன்னேன். என் கடன் எப்படிப்பட்டது என்பதையும் சொன்னேன். கொஞ்சம் நேரம் பேசாமல் இருந்தார்.

"பரவால்லியே, உங்களுக்கு மொதல்லியே கரியா?" என்றார்.

பையனைக் கூட்டிக்கொண்டு முதல் சனிக்கிழமை வாருங்கள் ஐயா, கூட்டம் குறைவாக இருக்கும், மூன்று பேரும் உட்கார்ந்து ஒவ்வொரு வரியாகப் பார்க்கலாம் என்றேன். சரி என்று சொல்லிவிட்டுப் போனார். இதை எழுதுகிறவரை வரவில்லை.